கல் தின்னும் பாலைவன விலங்கை உருவாக்குவது எப்படி: கழிவிலிருந்து தொடங்கும் முழுமையான வழிகாட்டி

"கல்லைத் தின்றாலும் செரிக்கிற வயசு" என்று இளவட்டங்களைப் பற்றிச் சொல்வோம். நிஜமாகவே கல்லைத் தின்று செரித்து வாழும் ஒரு விலங்கு வேற்றுக்கோளின் பாலைவனத்தில் இருந்தால் எப்படி இருக்கும்? கதை எழுதுகிறவர்கள், படம் வரைகிறவர்கள், வீடியோ கேம் உருவாக்குகிறவர்கள் பலருக்கும் இந்த ஆசை ஒரு முறையாவது வந்திருக்கும். உட்கார்ந்ததும் முதலில் வரைவது முகத்தைத்தான். பெரிய தாடை, பாறை போன்ற தோல், ஒளிரும் கண். அதற்குப் பிறகுதான் அது என்ன தின்னும் என்ற கேள்வி வருகிறது. அப்போது எந்தப் பதில் சொன்னாலும் ஒட்டுப்போட்ட மாதிரி இருக்கும்.

நான் இதைத் தலைகீழாகச் செய்கிறேன். கழிவிலிருந்து தொடங்குகிறேன். ஒரு விலங்கு எதை உள்ளே எடுக்கிறது, எதை வெளியே தள்ளுகிறது என்ற இரண்டும் உறுதியானால் அதன் உடல், வீடு, நடமாடும் நேரம், அக்கம்பக்கத்து உயிர்கள் எல்லாம் ஒவ்வொன்றாகத் தாமே வந்து சேரும். இந்த வழிகாட்டி முழுக்க ஒரே விலங்கைக் கட்டிப் பார்ப்போம். எடை 20 கிலோ. பெயரை இப்போதைக்கு மஞ்சவாயன் என்று வைத்துக்கொள்வோம். காரணம் சீக்கிரமே புரியும்.

முதல் படி: எந்தக் கல்லில் சாப்பாடு இருக்கிறது?

எல்லாக் கல்லும் உணவாகாது. மணலின் பெரும்பகுதி குவார்ட்ஸ். அதிலுள்ள சிலிக்கான் ஏற்கெனவே ஆக்சிஜனோடு முழுதாகச் சேர்ந்துவிட்டது. வேதியியல் கண்ணோடு பார்த்தால் அது எரிந்து முடிந்த சாம்பல். மணலைத் தின்று வாழும் விலங்கு என்பது சாம்பலைப் போட்டு அடுப்பெரிக்கும் கதை. ஒன்றோடொன்று சேரத் துடிக்கும், ஆனால் இன்னும் சேராத இரண்டு பொருள்கள் இருந்தால்தான் அங்கே சாப்பாடு இருக்கிறது.

பூமியில் இந்த வித்தை தெரிந்தவை நுண்ணுயிரிகள்தான். கந்தகத்தையும் இரும்பையும் ஆக்சிஜனேற்றம் செய்து பிழைக்கும் பாக்டீரியாக்களை 1880களிலேயே ரஷ்ய நுண்ணுயிரியலாளர் செர்கேய் வினோகிராட்ஸ்கி ஆராய்ந்து விளக்கிவிட்டார். பெரிய விலங்குகள் கல்லைக் கடிப்பது உண்டு, ஆனால் காரணம் வேறு. கென்யாவின் எல்கன் மலைக் குகைகளில் யானைகள் தந்தத்தால் சுவரைக் குடைந்து தின்பது உப்புக்காக. பிலிப்பைன்ஸின் அபாடன் ஆற்றில் சுண்ணாம்புக்கல்லைத் துளைத்துத் தின்று மணலாக வெளியேற்றும் ஒரு கப்பல்புழுவை 2019-ல் விவரித்தார்கள். அதற்கும் அந்தக் கல்லிலிருந்து சத்து கிடைப்பதாகத் தெரியவில்லை. உப்புக்காக நக்குவது வேறு, உயிர் வாழும் ஆற்றலையே கல்லிலிருந்து எடுப்பது வேறு. உங்கள் விலங்கு இதில் எது என்று முதல் நாளே எழுதி வைத்துக்கொள்ளுங்கள்.

இரண்டாவது வகை என்றால் எடைக்கு எவ்வளவு ஆற்றல் என்று பார்க்க வேண்டும். ஒரு கிராம் சர்க்கரையை ஆக்சிஜனோடு சேர்த்தால் சுமார் 16 கிலோஜூல் கிடைக்கிறது. ஒரு கிராம் கந்தகத்தைக் கந்தக அமிலம் ஆகும்வரை கொண்டுபோனால் சுமார் 18. ஆமாம், கந்தகம் சர்க்கரையையே மிஞ்சுகிறது. பைரைட் என்ற இரும்புக் கந்தகக் கனிமத்தில் 12 அளவுக்கு இருக்கிறது. பலருக்கும் முதலில் தோன்றும் இரும்போ யானைப் பசிக்குச் சோளப்பொரி. அமிலச் சூழலில் இரும்பு அயனி அடுத்த ஆக்சிஜனேற்ற நிலைக்குப் போகும்போது கிராமுக்கு அரை கிலோஜூல்தான் தேறுகிறது.

அதனால் மஞ்சவாயனுக்குக் கந்தகம். எரிமலை ஆவித்துளைகளின் வாயில் மஞ்சள் பொருக்காகப் படியும் கந்தகத்தை அது சுரண்டித் தின்னும். பெயர்க் காரணமும் இதுதான்.

இரண்டாம் படி: சமைப்பது யார்?

விலங்கின் செல்லே கந்தகத்தைச் செரிப்பதாக வைக்கலாம். ஆனால் அதைவிட நம்பும்படியான வழியைப் பூமியே காட்டியிருக்கிறது. 1977-ல் பசிபிக் கடலின் கலாபகோஸ் தீவுகள் அருகே ஆழ்கடல் வெந்நீர் ஊற்றுகளில் ராட்சதக் குழாய்ப்புழுக்களைக் கண்டார்கள். முழு வளர்ச்சியில் இரண்டு மீட்டர் நீளத்தைத் தொடும் அந்தப் புழுக்களுக்கு வாயும் கிடையாது, குடலும் கிடையாது. உடலுக்குள் ஒரு பெரிய உறுப்பு முழுக்கப் பாக்டீரியா. புழு கந்தகச் சேர்மத்தையும் ஆக்சிஜனையும் கொண்டுவந்து கொடுக்கிறது, பாக்டீரியா சமைத்துப் போடுகிறது. 1981-ல் உயிரியலாளர் காலீன் கவனா இந்தக் கூட்டுவாழ்வை முன்வைத்தார்.

நம் விலங்குக்கு வாய் உண்டு. ஆனால் அதன் வயிறு செரிக்கும் இடம் அல்ல, பாக்டீரியாக்களை வளர்க்கும் தொட்டி. இங்கே ஒரு நுணுக்கம். கந்தகம் தண்ணீரில் கரையாது. பாக்டீரியா ஒவ்வொரு துகள் மேலும் நேரடியாக ஒட்டித்தான் வேலை செய்ய முடியும். ஒரு சென்டிமீட்டர் கட்டியை 0.1 மில்லிமீட்டர் துகள்களாக அரைத்தால் மேற்பரப்பு 100 மடங்காகும். ஆகவே தொட்டிக்கு முன்னால் ஒரு அரவைப்பை வேண்டும். பறவைகளின் இரைப்பையில் கற்கள் இருப்பது போல, நம் விலங்கும் நான்கைந்து கடினமான கூழாங்கற்களை வாழ்நாள் முழுக்க வயிற்றில் சுமக்கட்டும். தாய் தன் கல் ஒன்றைக் கக்கிக் குட்டிக்குக் கொடுப்பதாக வைத்தால், அதோடு பாக்டீரியாவும் அடுத்த தலைமுறைக்குப் போய்விடும். இந்த ஒரு காட்சிக்காகவே நான் அரவைப்பையை விடமாட்டேன்.

மூன்றாம் படி: ஒரு நாள் கணக்கு

இங்கேதான் பலர் நழுவிவிடுகிறார்கள். தயவுசெய்து கணக்குப் போடுங்கள். பெருக்கல் வகுத்தல் மட்டும்தான்.

உயிரியலாளர் மாக்ஸ் கிளெய்பர் 1932-ல் காட்டியது இது: விலங்கின் ஆற்றல் தேவை அதன் எடையின் முக்கால் அடுக்குக்கு ஏற்ப உயர்கிறது. 20 கிலோ பாலூட்டி ஒன்று ஓய்வில் நாளுக்கு ஏறத்தாழ 2,770 கிலோஜூல் செலவழிக்கும். பல்லி, உடும்பு வகைக்கு அதில் பத்தில் ஒரு பங்கு போதும். மஞ்சவாயன் நிதானமான விலங்கு, அதனால் உடும்பு விகிதத்தை எடுத்து, நடமாட்டத்துக்காக இரட்டிப்பாக்கினால் 550 கிலோஜூல். பாக்டீரியா தனக்குப் போக மிச்சம் கொடுப்பது பத்தில் ஒரு பங்கு என்று வைத்தால், தொட்டியில் 5,500 கிலோஜூல் அளவுக்கு வேதிவினை நடக்க வேண்டும். 18-ஆல் வகுத்தால் நாளுக்கு சுமார் 300 கிராம் கந்தகம். இரண்டு கைப்பிடி. பிரமாதம், இது நடக்கிற காரியம்.

இதே கணக்கை இரும்புக்குப் போட்டால் நாளுக்கு 11 கிலோ இரும்பு வேண்டும். பாறையில் பத்தில் ஒரு பங்கு இரும்பு என்றால் 110 கிலோ பாறை, அதாவது தன் எடையைப் போல ஐந்தரை மடங்கு. இரும்பு தின்னும் விலங்கு வேண்டும் என்று அடம்பிடிப்பவர்கள் அதை அசையாத, மிக மெதுவாக வாழும் ஒன்றாக்கிவிடலாம். அதுவும் அழகுதான்.

அப்புறம் ஆக்சிஜன். 300 கிராம் கந்தகத்துக்கு 450 கிராம் ஆக்சிஜன் தேவை. ஒரு மனிதர் ஒரு நாளில் பயன்படுத்துவதில் பாதிக்கு மேல், அதுவும் 20 கிலோ உடலுக்குள்! அதனால் நெஞ்சுக்கூடு பீப்பாய் மாதிரி இருந்தே ஆக வேண்டும். காற்றில் ஆக்சிஜன் இல்லாத கோள் என்றால்? செவ்வாயின் மண்ணில் பெர்க்ளோரேட் உப்பு இருப்பதை 2008-ல் ஃபீனிக்ஸ் விண்கலம் கண்டது. அதை உடைத்து ஆக்சிஜன் எடுக்கும் பாக்டீரியாக்கள் பூமியில் உண்டு. ஆனால் அங்கே இருப்பது சுமார் அரை சதவீதம். அந்த அளவில் நம் விலங்கு நாளுக்கு 170 கிலோ மண்ணைச் சலிக்க வேண்டியிருக்கும். ஆகவே மஞ்சவாயனின் கோளுக்கு ஆக்சிஜன் உள்ள காற்றைக் கொடுத்துவிடுகிறேன்.

தொட்டியில் நடக்கும் வேதிவினையின் ஆற்றலில் மிச்சமிருக்கும் 90 சதவீதம் எங்கே போகும்? வெப்பமாக. உடல் செலவழிப்பதும் கடைசியில் வெப்பம்தான். எல்லாம் சேர்த்து 5,500 கிலோஜூலை ஒரு நாளின் விநாடிகளால் வகுத்தால் 64 வாட். ஒரு பழைய 60 வாட் குண்டு பல்பு வயிற்றுக்குள் ராப்பகலாக எரிவது மாதிரி. அதே எடையுள்ள நாய் ஓய்வில் விடும் வெப்பத்தைப் போல இரண்டு மடங்கு. உடும்பாக நினைத்துத் தொடங்கிய விலங்கைக் கணக்கு வெதுவெதுப்பான விலங்காக்கிவிட்டது. பகல் வெயிலில் இந்தச் சூடு ஆபத்து, இரவுக் குளிரில் வரம். எனவே அது இரவில்தான் மேயும். பாலைவனத்துச் சின்ன உயிர்கள் குளிருக்கு அதன் வயிற்றோரம் வந்து ஒண்டிக்கொள்ளும்.

நான்காம் படி: கழிவு

வழிகாட்டியின் உயிர்நாடி இது. 300 கிராம் கந்தகம் முழுதாக ஆக்சிஜனேற்றம் அடைந்தால் 900 கிராமுக்கு மேல் கந்தக அமிலம் உண்டாகும். தினமும். அதை அப்படியே வெளியே பீய்ச்சினால் பார்க்கப் பயங்கரமாக இருக்கும். எதிரிமேல் அமிலம் உமிழும் விலங்கை வரையும் ஆசை எல்லோருக்கும் வருகிறது. அந்த ஆசைக்கு ஒரு நாள் லீவு கொடுங்கள், இதைவிட நல்லது காத்திருக்கிறது.

அமிலத்தைத் தணிக்கச் சுண்ணாம்புக்கல் போதும். 300 கிராம் கந்தகத்துக்கு 940 கிராம் சுண்ணாம்புக்கல். ஆகவே மஞ்சவாயன் இரண்டு வகைக் கல்லைத் தின்கிறது: மஞ்சள் கல் பசிக்கு, வெள்ளைக் கல் வயிற்றெரிச்சலுக்கு. இரண்டும் ஒரே இடத்தில் கிடைக்காது. ஆவித்துளை ஒரு பக்கம், சுண்ணாம்பு மேடு இன்னொரு பக்கம். இரண்டுக்கும் நடுவே தலைமுறை தலைமுறையாக நடந்து தேய்ந்த பாதை. கோளின் வரைபடம் இப்போது தானாக உருவாகத் தொடங்கிவிட்டது, கவனித்தீர்களா?

அமிலமும் சுண்ணாம்பும் சேர்ந்தால் இரண்டு பொருள் வரும். ஒன்று கார்பன் டை ஆக்சைடு. அதைத் தொட்டியிலுள்ள பாக்டீரியா பிடித்து உடல் கட்டும் கார்பனாக மாற்றிக்கொள்ளும். செடியே இல்லாத இடத்தில் சதைக்குக் கார்பன் எங்கிருந்து வந்தது என்ற கேள்விக்கு இதோ பதில்: சுண்ணாம்புக்கல்லிலிருந்து. இன்னொன்று ஜிப்சம். நாளுக்கு 1.6 கிலோ வெள்ளை உருண்டைகள்.

இந்த ஜிப்சத்தில்தான் சிக்கலும் இருக்கிறது, தீர்வும் இருக்கிறது. ஜிப்சத்தின் எடையில் 21 சதவீதம் அதன் படிகத்துக்குள் பூட்டிய நீர். அதாவது மஞ்சவாயன் தினமும் 340 கிராம் நீரைக் கழிவில் அடைத்து வெளியே எறிகிறது. பாலைவனத்தில்!

ஐந்தாம் படி: நீர்

கங்காரு எலி வாழ்நாள் முழுக்கத் தண்ணீர் குடிக்காமலே இருந்துவிடும், ஏனென்றால் விதையிலுள்ள மாவுச்சத்தும் கொழுப்பும் உடலில் எரியும்போது நீர் உண்டாகிறது. கந்தகத்தில் ஹைட்ரஜன் இல்லை. எவ்வளவு எரித்தாலும் ஒரு சொட்டு நீர் வராது. கல் தின்னும் விலங்குகளைக் கற்பனை செய்பவர்கள் பெரும்பாலும் தவறவிடும் இடம் இது.

அப்படியானால் கழிவில் போன நீரைத் திரும்ப எடுக்க வேண்டும். ஸ்பெயினின் ஜிப்சம் மண்ணில் வளரும் ஒரு சிறு புதர், கோடையில் தனக்கு வேண்டிய நீரின் பெரும்பகுதியை ஜிப்சப் படிகத்திலிருந்தே எடுப்பதாக 2014-ல் ஆய்வாளர்கள் கண்டார்கள். மஞ்சவாயன் வெயிலைப் பயன்படுத்தட்டும். ஜிப்சத்தைச் சூடாக்கினால் அதிலுள்ள நீரில் முக்கால் பங்கு ஆவியாகப் பிரியும். ஈரானின் லூட் பாலைவனத்தில் 2005-ல் செயற்கைக்கோள் அளந்த தரை வெப்பம் 70 டிகிரியைத் தாண்டியது. நம் கோளின் நண்பகலை இன்னும் கொஞ்சம் உக்கிரமாக வைத்தால் கறுத்த பலகைக்கல் ஒன்று 90 டிகிரியைத் தொடும். அத்தனை சூட்டில் விலங்கே படுக்க முடியாது. ஆனால் அதன் வளை அந்தச் சூட்டைத் தாங்கும்.

வளையை இப்படி வரையுங்கள். மேலே, கறுத்த கல்லுக்கு அடியில் ஒரு ஆழமில்லாத அறை. விடிவதற்கு முன் மஞ்சவாயன் தன் வெள்ளை உருண்டைகளை அங்கே ஒவ்வொன்றாக மூக்கால் தள்ளி, கல்லின் அடிப்பரப்பை ஒட்டி அடுக்குகிறது. பிறகு வாசலை மண்ணால் அடைத்துவிட்டுக் கீழே இறங்குகிறது. ஒரு மீட்டர் ஆழத்தில் அதன் படுக்கை. அந்த ஆழத்துக்குப் பகல் வெப்பம் எட்டாது. வெயில் ஏற ஏற மேலறையில் ஜிப்சம் நீரை விடுகிறது. ஆவி மெதுவாகக் கீழே பரவிக் குளிர்ந்த சுவரில் முத்து முத்தாக வியர்க்கிறது. தூக்கக் கலக்கத்தில் அது சுவரை நக்குகிறது. நாளுக்கு அதிகபட்சம் 250 கிராம் நீர், ஏறத்தாழ ஒரு டம்ளர்.

மேலறையில் மிஞ்சுவது என்ன தெரியுமா? முக்கால் பங்கு நீர் போன ஜிப்சம் என்பது பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ். எலும்பு முறிவுக்குக் கட்டுப் போடுவோமே, அதே மாவு. ஈரம் பட்டால் கெட்டியாகிவிடும். சாயங்காலம் அந்த மாவை வால் நுனியால் வளையின் வாசலில் பூசுகிறது. இரவில் ஆவித்துளைகளிலிருந்து வரும் நீராவி பட்டு அது கல்லாக இறுகுகிறது. ஆவித்துளை வெளியிடும் வாயுவில் பெரும்பங்கு நீராவிதான் என்பதால் இதற்குத் தன் நீரைச் செலவழிக்க வேண்டியதில்லை. கொத்தனார் விலங்கு ஒன்றை வேண்டும் என்று நான் வரையவில்லை. கழிவுக் கணக்கு அதைக் கொண்டுவந்து நிறுத்தியது.

ஆறாம் படி: பல்லும் புலனும்

கனிமங்களின் கடினத்தை 1 முதல் 10 வரை வரிசைப்படுத்தும் மோஸ் அளவில் கந்தகம் சுமார் 2, சுண்ணாம்புக்கல் 3. இரண்டும் மெத்தென்ற கற்கள்தான். பல்லைத் தேய்ப்பது அவற்றோடு கலந்துவரும் குவார்ட்ஸ் மணல், அதன் கடினம் 7. நம் பல்லின் எனாமல் 5 அளவில் நின்றுவிடும். அதனால் தாடையால் கடிப்பது வேண்டாம். நத்தை இனங்களுக்கு இருப்பது போன்ற அரம் மாதிரியான பல்நாக்கு வேண்டும். முன்வரிசை தேய்ந்து விழ விழப் பின்வரிசை முன்னே நகரும். கடலோரப் பாறைகளைச் சுரண்டும் லிம்பெட் என்ற நத்தை இனத்தின் பற்கள் கோதைட் என்ற இரும்புக் கனிம இழைகளால் ஆனவை. 2015-ல் அளந்தபோது, அதுவரை அறியப்பட்ட உயிரியல் பொருள்களிலேயே வலிமையானது அதுதான் என்றார்கள். மஞ்சவாயனுக்கும் கோதைட் பல். துருவின் பழுப்பு நிறத்தில் இருக்கும், மேலே மஞ்சள் தூள் படிந்திருக்கும்.

மோப்பம் கூர்மையாக இருக்கட்டும், ஆவித்துளையைத் தேட வேண்டுமே. கண் சிறியதாக இருந்தால் போதும். பாலைவனப் பொன் அகழெலி மணலில் தலையைப் புதைத்து அதிர்வைக் கேட்பது போல, இதுவும் தாடையைத் தரையில் பதித்துக் கேட்கலாம். கால் குட்டையாக, அகலமாக இருக்கட்டும்.

ஏழாம் படி: எது பற்றாக்குறை?

ஆற்றலும் நீரும் கிடைத்துவிட்டால் விலங்கு சொகுசாகிவிடும், கதையும் படுத்துவிடும். ஏதாவது ஒன்று எப்போதும் குறைவாக இருக்க வேண்டும். என் தேர்வு பாஸ்பரஸ். நைட்ரஜனைக் காற்றிலிருந்து பிடிக்கும் பாக்டீரியா உண்டு. பாஸ்பரஸை அப்படிப் பிடிக்க முடியாது, அபடைட் போன்ற கனிமங்களிலிருந்துதான் வர வேண்டும். பூமியிலேயே ஒட்டகச்சிவிங்கிகள் இதற்காக எலும்பைக் கடித்து மெல்லுவது உண்டு.

மஞ்சவாயன்களின் உலகில் பாஸ்பரஸ் அதிகம் சேர்ந்திருக்கும் இடம், இறந்த மஞ்சவாயன்களின் எலும்பு. கருவுற்ற பெண் விலங்கு நாள்கணக்கில் நடந்து தன் முன்னோர் இறந்து கிடக்கும் பள்ளத்துக்குப் போகும். அங்கே எலும்பைச் சுரண்டித் தின்று திரும்பும். சண்டை நடக்கும் இடமும் அதுதான், துணை தேடும் இடமும் அதுதான். இதை மனிதப் பாத்திரம் ஒருவர் முதன்முதலில் பார்த்தால் பிணம் தின்னும் கொடிய விலங்கு என்று நினைத்துவிடுவார். பிறகு அவர் புரிந்துகொள்வது ஒரு அத்தியாயம்.

எட்டாம் படி: கடிகாரத்துக்குச் சாவி கொடுப்பது யார்?

கந்தகமும் ஆக்சிஜனும் சேர்ந்துகொண்டே போனால் ஒரு நாள் இரண்டும் தீரும். யாராவது திரும்ப நிரப்ப வேண்டும். கந்தகத்தை எரிமலை நிரப்புகிறது. ஆக்சிஜனை ஒளிச்சேர்க்கை செய்யும் ஏதாவது நிரப்ப வேண்டும். பூமியின் அட்டகாமா பாலைவனத்தில், உப்புக்கட்டிக்குள்ளும் ஜிப்சத்துக்குள்ளும் பச்சை நுண்ணுயிரிகள் வாழ்கின்றன. ஒளியை உள்ளே விட்டு, கொடும் கதிரையும் வறட்சியையும் தடுக்கும் கூரை அது. மஞ்சவாயன் பூசிய வெள்ளைச் சுவரைப் பெயர்த்துப் பார்த்தால் உள்ளே நகக்கண் அகலத்துக்கு ஒரு பச்சைக் கோடு தெரிய வேண்டும். அதன் கழிவு, அது மூச்சுவிடும் காற்றைத் தயாரிப்பவர்களுக்கு வீடு. கோளின் மொத்த ஆக்சிஜனும் இந்தச் சுவர்களிலிருந்து வராதுதான், கடலோ பெரிய உப்புப் படுகைகளோ வேறெங்காவது இருக்க வேண்டும். ஆனாலும் இந்தப் பச்சைக் கோட்டை வரையாமல் விடாதீர்கள்.

உருவத்தைப் பெரிதாக்க விரும்பினால் இந்த இடத்தில் யோசியுங்கள். 20 டன் விலங்குக்கு எடை 1,000 மடங்கு, தேவை 178 மடங்கு. நாளுக்கு 53 கிலோ கந்தகமும் 165 கிலோ சுண்ணாம்புக்கல்லும். கிலோவுக்குக் கிலோ பார்த்தால் லாபம்தான், நீண்ட பட்டினியையும் தாங்கும். ஆனால் ஒரு ஆவித்துளையைச் சில நாளில் காலி செய்துவிட்டு அடுத்ததைத் தேடி அலைய வேண்டும். ராட்சத விலங்கு என்றால் அது நாடோடி. வளை கிடையாது, பூசின சுவர் கிடையாது, தண்ணீருக்கு வேறு வழி தேட வேண்டும்.

கடைசிப் படி: ஒரு நாளை எழுதிப் பாருங்கள்

எல்லாம் சரியாகப் பொருந்துகிறதா என்று பார்க்க ஒரே வழி, விலங்கின் ஒரு நாளை விளக்கமே இல்லாமல் எழுதுவது. எங்கே பேனா தயங்குகிறதோ அங்கே கணக்கு இடிக்கிறது என்று அர்த்தம், அந்தப் படிக்குத் திரும்பிப் போங்கள். என்னுடையது இது:

இருட்டியதும் வாசல் மண் உள்ளிருந்து அசைகிறது. மஞ்சவாயன் வெளியே வந்து தாடையைத் தரையில் பதிக்கிறது. தூரத்தில் ஆவித்துளை சீறும் அதிர்வு. நேற்று போன பாதையிலேயே நடக்கிறது. துளையின் ஓரத்தில் மஞ்சள் பொருக்கு நேற்றைவிட மெல்லியதாக இருக்கிறது. பல்நாக்கு ஒரு முறை, இரண்டு முறை இழுக்கிறது. மூன்றாம் முறை கீழே உள்ள கறுப்புக் கல் தட்டுப்பட, தலையை எடுத்துக்கொள்கிறது. அடுத்த துளை, அதற்கடுத்த துளை. நள்ளிரவில் சுண்ணாம்பு மேடு. அதன் வயிறு சூடேறியிருப்பதை அறிந்து எங்கிருந்தோ ஆறு கால் குட்டி உயிர்கள் இரண்டு ஓடிவந்து விலாவில் ஒட்டிக்கொள்கின்றன. அது அவற்றைத் தட்டிவிடவில்லை. விடிய இன்னும் நேரம் இருக்கும்போதே வளைக்குத் திரும்பி, கறுத்த கல்லின் அடியில் உருண்டைகளை அடுக்குகிறது. கடைசி உருண்டை உருண்டு வாசலுக்கு வெளியே போய்விடுகிறது. அது நிற்கிறது. கிழக்கே வானம் வெளுக்கிறது. மறுபடி வெளியே போய், அதை மூக்கால் தள்ளிக்கொண்டு வருகிறது.